நாலாவது பேர்

குற்றவியல் சட்டம் கற்பிக்கிற ஒரு பெண்ணை என்னவென்று சொல்லி அறிமுகப்படுத்துவது என்று எங்கள் தெருவில் பலருக்கும் குழப்பம் இருந்தது. வண்ணார்பேட்டையில் பஸ் நிற்கிற இடத்துக்குப் பின்னால் காய்கறிக் கடை வைத்திருந்த அண்ணாச்சிதான் அதைத் தீர்த்துவைத்தார். நான் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருக்கும்போதே பக்கத்தில் நிற்பவர்களிடம், "கொலைப் பாடம் எடுக்காவல்லா, அந்த டீச்சர் இவியதான்" என்பார். நான் அவரைத் திருத்தவில்லை. நான் எடுத்தது கொலைதான். கொலை, கொடுங்காயம், கொள்ளை, சதி என்று என் பிழைப்பே அதில்தான் ஓடியது.

எங்களுடையது சைவக் குடும்பம். தாத்தா காலத்தில் ஆற்றுப் பாசனத்தில் நிலம் இருந்தது. அப்பா காலத்தில் அது உத்தியோகமாக மாறியது. எங்கள் வீட்டில் சில நாட்களில் வெங்காயம்கூட அடுப்பில் ஏறாது. அப்படிப்பட்ட வீட்டில் நான் பிரேதப் பரிசோதனை அறிக்கையைச் சாப்பாட்டு மேஜையில் விரித்து வைத்துக்கொண்டு தயிர்ச் சாதம் சாப்பிட்டேன். வருவாய்த் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற அப்பாவுக்கு அதைப் பார்க்கவே பிடிக்காது. "ஒனக்கு வேற பாடமே கெடைக்கலியா? சொத்துச் சட்டம் எடுக்கலாம்லா, மரியாதையா" என்பார். "சொத்துல இருந்துதாம்ப்பா கொலையே வருது. நான் கடைசியில இருந்து ஆரம்பிக்கேன், அவ்வளவுதான்" என்பேன். அவர் சிரித்துவிட்டுத் தட்டைத் தூக்கிக்கொண்டு வேறு அறைக்குப் போய்விடுவார்.

மதுரையிலும் சென்னையிலும் பாடம் நடத்திவிட்டு, தொண்ணூறுகளின் பிற்பகுதியில் சொந்த ஊருக்கு மாறுதல் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தேன். சென்னையை விட்டுவிட்டு யாராவது திருநெல்வேலிக்குப் போவார்களா என்று உடன் வேலை பார்த்தவர்கள் கேட்டார்கள். அவர்களுக்கு அது தண்டனையாகத் தெரிந்தது. எனக்கு அப்படித் தெரியவில்லை. நான் புத்தகத்தில் நடத்துவதெல்லாம் இங்கே வயல்காட்டில் நடந்துகொண்டிருந்தது. வைத்தியர் நோய் இருக்கிற ஊரில்தானே இருக்க வேண்டும். எனக்கு என் வேலை தெரியும் என்கிற நம்பிக்கையும் தாராளமாகவே இருந்தது. அதைத் தலைக்கனம் என்று சொன்னவர்களும் உண்டு, நான் மறுக்கவில்லை.

புதிதாக வருகிற மாணவர்களுக்கு முதல் வாரம் நான் சட்டப் புத்தகத்தைத் திறக்க மாட்டேன். முடிந்துபோன பழைய வழக்குகளின் புகார்களை வக்கீல் நண்பர்களிடம் கேட்டு வாங்கி வைத்திருந்தேன். அவற்றில் பெயர்களை மையால் அடித்துவிட்டு, இன்னார் என்ன வேலை பார்ப்பவர், என்ன செய்ததாகப் புகார் சொல்கிறது என்பதை மட்டும் விட்டுவைத்து வாசிக்கச் சொல்வேன். "என்ன தெரியுது?" என்று கேட்பேன். வேறு கேள்வி கிடையாது.

ஒரு வருடம் உடன்குடிப் பக்கத்துப் பையன் ஒருவன் கடைசி பெஞ்சிலிருந்து எழுந்தான். "மேடம், மொத மூணு பேருக்குப் பெறவு வெட்டுனவன் யாரையும் காணல. எல்லாம் சம்பளக்காரனுவளா இருக்கானுவ" என்றான். வகுப்பு முழுவதும் சிரித்தது. எல்லாருக்கும் ஊரில் நடப்பது தெரியும், அதைப் பாடத்தில் பார்ப்போம் என்றுதான் எதிர்பார்க்கவில்லை.

எங்கள் பக்கத்து வழக்கம் இது. ஓர் அடிதடியோ வெட்டோ நடந்துவிட்டால், புகார் எழுதுவதற்கு முன்னால் பாதிக்கப்பட்ட குடும்பம் உட்கார்ந்து பேர் யோசிக்கும். வெட்டியவன் பேர் யோசிக்காமலே வாயில் வந்துவிடும். அதற்கு மேல்தான் யோசனை. எதிராளி வீட்டில் படித்தவன் யார்? கவர்ன்மெண்டு வேலையில் இருப்பவன் யார்? துபாய்க்கு விசா வந்து காத்திருப்பவன் யார்? யாருக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருக்கிறது? அவன் சம்பவ இடத்தில் இருந்தானா என்று யாரும் கேட்பதில்லை. அரசு ஊழியரைக் கைது செய்து ஓரிரண்டு நாள் உள்ளே வைத்தாலே வேலையிலிருந்து தற்காலிக நீக்கம் தானாக வந்துவிடும். வெட்டியவனுக்குச் சிறை பழகிய இடம். வெட்டாதவனுக்குத்தான் அது வலிக்கும். இதைப் 'பேர் குடுக்கிறது' என்பார்கள். இந்த முறை அவர்கள் கொடுத்தால், அடுத்த முறை இவர்கள் கொடுப்பார்கள்.

பேர் கூடினால் கேஸ் பலப்படும் என்பது அவர்கள் நினைப்பு. கோர்ட்டில் நடப்பது நேர்மாறானது. எதிர்த் தரப்பு வக்கீல் முதல் மூன்று பேரைத் தொடவே மாட்டார். நேராக நாலாவது ஆளைப் பிடித்து, அவர் அன்றைக்கு வேறு ஊரில் இருந்தார் என்று நிரூபிப்பார். "இந்தப் பேர் பொய் என்றால் மற்றவையும் பொய்தானே, கனம் நீதிபதி அவர்களே" என்று முடித்துக்கொள்வார். மூன்று பேரும் மாலை போட்டுக்கொண்டு ஊருக்குத் திரும்புவார்கள். வெட்டியவனைக் காப்பாற்றுவது அவனுடைய வக்கீல் இல்லை, நாலாவது பேர்தான் என்று ஒவ்வொரு வருடமும் கரும்பலகையில் எழுதிப் போட்டேன்.

சனிக்கிழமைகளில் மாணவர்கள் சிலரைக் கூட்டிக்கொண்டு பாபநாசம் பஸ் ஏறி, வழியில் ஏதாவது ஒரு கிராமத்தில் இறங்கி, பள்ளிக்கூட வராந்தாவில் இலவச சட்ட உதவி என்று தட்டி வைத்து உட்காருவோம். பட்டா மாற்றம், ரேஷன் கார்டு, மருமகன் குடிக்கிறான் என்பவைதான் பெரும்பாலும் வரும். அப்படி ஒரு சனிக்கிழமையில்தான் அந்தப் பெண் வந்தாள். என் வயதுதான் இருக்கும். மற்றவர்கள் எல்லாம் போகும்வரை தள்ளி நின்றுவிட்டுப் பைய அருகில் வந்தாள்.

"நீங்கதான் கொலைப் பாடம் எடுக்கியளா?"

காய்கறிக் கடை அண்ணாச்சியின் விளம்பரம் அவ்வளவு தூரம் போயிருக்கிறதே என்று நினைத்து, ஆமாம் என்றேன். தரையில் உட்கார்ந்தாள்.

"எங்க வீட்டுக்காரவியள வெட்டிட்டாவ. வாழைக்குத் தண்ணி திருப்பப் போன எடத்துல மடையில வச்சி. நான் சோறு கொண்டு போனேன். மூணு பேரு வெட்டுனத நான் என் கண்ணால பாத்தேன். ஆனா நாலு பேரு குடுத்திருக்கேன். அந்த நாலாவது பேர எடுக்கணும். எடுக்க முடியுமாம்மா?"

"நாலாவது ஆளு என்ன வேலை பாக்காவ?" என்று கேட்டேன்.

"பள்ளிக்கூடத்துச் சார்வாள்."

என் பின்னால் நின்ற மாணவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

வெட்டிய மூவரில் ஒருவனுக்கு அந்த வாத்தியார் அண்ணன். கணக்குப் பாடம் எடுப்பவர். சம்பவம் நடந்த அன்றைக்குப் பாளையங்கோட்டையில் பரீட்சைப் பேப்பர் திருத்தும் இடத்தில் மற்ற வாத்தியார்களோடு உட்கார்ந்திருந்தார். அது ஊருக்கே தெரியும். அவர் பெயரைச் சொன்னது இவளுடைய கணவரின் அண்ணன்.

"எங்க அத்தான்தான் சொன்னாவ. 'மூணு பேரும் காட்டானுவ, உள்ள போட்டா அவனுவளுக்கு ஒண்ணும் வலிக்காது. சார்வாள் பேரச் சேரு, குடும்பத்துக்கே வலிக்கும்'னாவ. அவிய மேல மட்டும் பழி போட மாட்டேன். எனக்கும் அந்த வீட்டுக்கு வலிக்கட்டும்னுதான் இருந்துச்சி. அதான் கையெழுத்துப் போட்டேன்."

"இப்ப என்ன ஆச்சி?"

"எம்மவ பத்தாங்கிளாஸ். சார்வாள்கிட்டதான் கணக்குப் படிச்சா. 'அன்னைக்கு எங்க சார்வாள் ஊர்லயே இல்லன்னு ஒனக்குத் தெரியும்லாம்மா'ன்னு கேட்டா. நான் வாயத் தொறக்கல. பொஸ்தகத்த எல்லாம் கட்டிப் பரண்ல போட்டுட்டா. எங்கூட உக்காந்து பீடி சுத்துதா. அவிய அப்பா செத்ததுக்குக்கூட அப்படி மூஞ்சியத் திருப்பல."

நான் அவளிடம் எதையும் மறைக்கவில்லை. போலீஸ் ஏற்கனவே நாலு பேர் மேலும் குற்றப்பத்திரிகை போட்டுவிட்டது. வாத்தியார் அங்கே இல்லை என்று விசாரித்த அதிகாரிக்கும் தெரியும். ஆனால் பேரை எடுத்தால் பணத்துக்குக் கை நீட்டிவிட்டான் என்று தன்மேல் பழி வரும் என்று பயந்து, கோர்ட் பார்த்துக்கொள்ளட்டும் என்று கை கழுவிவிட்டார். புகார் கொடுத்தவர் மனம் மாறி, நான் சொன்னதில் இந்தப் பகுதி பொய், திருத்திக்கொள்கிறேன் என்று போய் நிற்பதற்குச் சட்டத்தில் ஒரு வாசல் கிடையாது. கடைசியாகச் சாட்சிக் கூண்டில் ஏறும்போதுதான் சொல்ல முடியும். அங்கே சொன்னால் இரண்டு ஆபத்து. மொத்தமும் பொய் என்று சொல்லி மூவரும் வெளியே வந்துவிடலாம். பொய்ப் புகார் கொடுத்ததாக அவள் மேலேயே வழக்கு வரலாம்.

"உண்மையையும் பொய்யையும் பிரிச்சுப் பாக்கலாம்னு சட்டத்துல எடம் இருக்கு. பிரிச்சுப் பாப்பாரான்னு அந்த நீதிபதிதான் சொல்லணும்" என்றேன்.

"நீங்க என்ன சொல்லுதிய?"

"உண்மை ஜெயிக்கும்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன். பொய்யோட சேத்துக் கட்டுன உண்மை தோத்துப் போனத நெறைய பாத்திருக்கேன். அவ்வளவுதான் சொல்லுவேன்."

 அவள் சேலையைத் தட்டிக்கொண்டு எழுந்து போய்விட்டாள்.

திரும்பி வரும் பஸ்ஸில் மாணவர்கள் கொதித்துக்கொண்டு வந்தார்கள். குறுக்கு விசாரணையில் எதைக் கேட்டால் எதைச் சொல்ல வேண்டும் என்று அவளுக்குப் பழக்கிவிடலாம் என்று ஒருவன் திட்டமே போட்டுவிட்டான். எனக்குக் கோபம் வந்துவிட்டது. "அந்தப் பொம்பளைக்கு ஏற்கனவே ஒரு தடவை சொல்லிக்குடுத்துதான் இந்த நெலைமை. இன்னொரு தடவை நீ சொல்லிக்குடுக்கப் போறியாலே? சாட்சிக்குச் சொல்லிக்குடுக்கவன் என் வகுப்புல இருக்க வேண்டாம், இப்பவே எறங்கிக்கோ" என்றேன். கண்டக்டர் ஸ்டாப்பிங் கேட்கிறார்களோ என்று விசில் அடித்துவிட்டார். பஸ் நின்றது. யாரும் இறங்கவில்லை.

அந்த வழக்கை நடத்திய அரசு வக்கீல் எனக்குப் பழக்கமானவர். மூத்தவர், சாமர்த்தியசாலி. கோர்ட் வளாகத்தில் அவரைப் பார்த்து, புகார் கொடுத்த ஒரு பெண் உண்மையைச் சொல்ல விரும்பினால் என்ன செய்வீர்கள் என்று பொதுவாகக் கேட்டேன். எந்தப் பெண் என்று அவர் கேட்கவில்லை. அவள் ஏற்கனவே அவரிடம் போயிருக்கிறாள் என்று எனக்குப் புரிந்தது.

"யம்மா, நீங்க பாடத்த நடத்துங்க. கேஸ நாங்க நடத்துதோம்" என்றார்.

"நல்லா நடத்துங்க அண்ணாச்சி. போன தடவை இதே மாதிரி நடத்துன கேஸ்ல எல்லாரும் வீட்டுக்குப் போயிட்டாவளே, அதையும் என் பிள்ளைகளுக்குப் பாடமா எடுத்திட்டிருக்கேன்" என்றேன்.

அவர் கோட்டைச் சரிசெய்துகொண்டு போய்விட்டார். அதற்குப் பிறகு பல மாதம் என்னைப் பார்த்தால் தலையை மட்டும் ஆட்டுவார்.

அந்தச் சமயத்தில்தான் குற்ற விசாரணை முறையைத் திருத்துவதற்கு யோசனை கேட்டு, சென்னையில் கூடிய ஒரு குழுவிடமிருந்து கல்லூரிக்குச் சுற்றறிக்கை வந்தது. எழுதியவர்களில் பாதிப்பேர் எல்லாத் தண்டனையையும் கூட்ட வேண்டும் என்று எழுதினார்கள். நான் நாலாவது பேரைப் பற்றி எழுதினேன். குற்றப்பத்திரிகை போவதற்கு முன்னால், புகார் கொடுத்தவர் மாஜிஸ்திரேட் முன்னால் போய்த் தான் சொன்னதைத் திருத்திக்கொள்ள ஒரு தடவை வாய்ப்பு கொடுக்க வேண்டும். திருத்துகிறவரைப் பொய்ப் புகாருக்காகத் தண்டிக்கக் கூடாது. கேட்பதற்கு மிகச் சின்ன விஷயம். ஆனால் சட்டத்தில் பெரிய கதவுகளைவிட இந்த மாதிரிச் சின்ன வாசல்கள்தான் ஆளைக் காப்பாற்றும் என்பது என் கட்சி. இன்றைக்கும் அதுதான் என் கட்சி.

கார் நெல் நடவு முடிந்த சமயத்தில் வழக்கு விசாரணைக்கு வந்தது. நான் மாணவர்களோடு கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். ஊரிலிருந்து அவள் கணவரின் அண்ணன் ஒரு வேன் நிறைய ஆட்களோடு வந்திருந்தார். அவள் என்ன சொல்லப் போகிறாள் என்று எனக்குத் தெரியாது. அந்தச் சனிக்கிழமைக்குப் பிறகு அவள் என்னிடம் வரவில்லை, நானும் தேடிப் போகவில்லை. எனக்குப் பயமாக இருந்தது என்று சொல்வதில் வெட்கம் ஒன்றுமில்லை. வகுப்பில் நான் தைரியமாகச் சொல்லிவந்த ஒரு கொள்கைக்கு இங்கே ஒரு பெண் விலை கொடுக்க நின்றாள்.

கோர்ட் டவாலி அவள் பெயரைக் கூப்பிட்டார். கூண்டில் ஏறிச் சத்தியம் செய்தாள். அரசு வக்கீல் கேட்கக் கேட்க, வாழைத் தோட்டத்தையும் மடையையும் சோற்று வாளியையும் சொன்னாள். எதிர்க் கூண்டில் நின்ற முதல் ஆளைக் காட்டி, இவன் கழுத்தில் வெட்டினான் என்றாள். இரண்டாவது ஆள் கையில். மூன்றாவது ஆள் கீழே விழுந்த பிறகு முதுகில். ஒவ்வொருவருக்கும் விரல் நீட்டினாள். நாலாவது வாத்தியார். சலவை செய்த வெள்ளைச் சட்டையோடு தலையைக் குனிந்து நின்றார். அவள் விரலை மடக்கிக்கொண்டாள்.

"சார்வாள் அங்கன இல்ல."

அரசு வக்கீல் காகிதத்தைப் புரட்டுவதுபோல் நடித்தார். நீதிபதியே குனிந்து கேட்டார். "அப்புறம் ஏம்மா புகார்ல அவர் பேரைக் குடுத்தீங்க?"

"சம்பளக்காரவன்னு குடுத்தோம்யா. அந்த வீட்டுக்கு வலிக்கட்டும்னு குடுத்தோம். அது பொய்யி."

அரசு வக்கீல், இந்தச் சாட்சி நாலாவது எதிரியைப் பொறுத்தவரை பிறழ் சாட்சியாகிவிட்டதாகச் சொல்லி உட்கார்ந்தார். எதிர்த் தரப்பு வக்கீல் எழுந்தபோது அவர் முகத்தில் சிரிப்பு இருந்தது. அவருக்கு இப்படி ஓர் அதிர்ஷ்டம் எந்த வழக்கிலும் அடித்திருக்காது.

"அப்ப போலீஸ்ல பொய் சொல்லியிருக்கீங்க?"

"ஆமா."

"கையெழுத்துப் போட்டுப் பொய் சொல்லியிருக்கீங்க?"

"ஆமா."

"பொய் சொல்லுறது உங்களுக்குப் பழக்கம். அதே மாதிரிதான் இந்த மூணு பேரையும் பொய்யாச் சேர்த்திருக்கீங்க, சரிதானே?"

அவள் அவரையே பார்த்தாள். குரல் உயரவில்லை.

"பொய்யி எதுன்னு நாந்தானய்யா ஒங்களுக்குச் சொன்னேன். நீங்களா கண்டுபிடிக்கல. மூணு பேரும் பொய்யின்னா அதையும் சேத்துச் சொல்லியிருப்பேம்லா? எனக்கென்ன, ஒரு வார்த்தைதான."

 வக்கீல் வேறு கேள்விகளுக்குப் போனார். மடைக்கும் அவள் நின்ற இடத்துக்கும் எவ்வளவு தூரம், வாழை மறைக்கவில்லையா, வெயில் கண்ணில் அடிக்கவில்லையா என்று மதியம்வரை குடைந்தார். அவள் பதறாமல் பதில் சொன்னாள்.

வெளியே வந்தபோது வராந்தாவில் கணவரின் அண்ணன் நின்றார். "எந்தம்பிய நீ ரெண்டாந் தடவ கொன்னுட்ட" என்று மட்டும் சொல்லிவிட்டு நடந்தார். வேன் அவளை விட்டுவிட்டுப் போனது. நாங்கள் அவளைப் பாபநாசம் பஸ்ஸில் ஏற்றிவிட்டோம். ஜன்னல் ஓரம் உட்கார்ந்தவள், "நீங்க சொல்லித்தான் செஞ்சேன்னு நெனைக்காதிய. எம்மவ கேட்டா, சொன்னேன்" என்றாள். எனக்கு அது பிடித்திருந்தது.

தீர்ப்புக்கு நாள் குறிப்பதற்குள் சென்னைக் குழுவிலிருந்து அழைப்பு வந்தது. நீள மேஜையைச் சுற்றிப் பெரிய மனிதர்கள். மாவட்டத்திலிருந்து வந்த ஒரே பெண் நான். ஓய்வு பெற்ற ஓர் உயர் அதிகாரி என் குறிப்பைத் தள்ளி வைத்துவிட்டு, "டீச்சர், நீங்க திறக்கச் சொல்ற வாசல் வழியா முதல்ல வர்றது யார் தெரியுமா? மிரட்டப்பட்ட விதவைகள். உண்மையான பேரை எடுக்கச் சொல்லி எதிராளி ஆள் வச்சுத் தள்ளிட்டு வருவான்" என்றார்.

நல்ல கேள்வி. முட்டாள்தனமான எதிர்ப்பைவிட அறிவான எதிர்ப்பு எனக்குப் பிடிக்கும். மாஜிஸ்திரேட் புகார் கொடுத்தவரைத் தனியாக வைத்துக் கேட்க வேண்டும், சொந்தக்காரனும் கூடாது, போலீஸும் கூடாது என்றேன். எடுக்க வேண்டிய ஒரு பேரைப் பற்றி மட்டும் கேட்கக் கூடாது, எல்லாப் பேரையும் முதலிலிருந்து சொல்லச் சொல்ல வேண்டும், மிரட்டி அனுப்பியிருந்தால் கதை வெட்டியவனிடம் வரும்போது திக்கும், பொய்யைத் திருத்த வந்திருந்தால் திக்காது என்றேன். அன்றைக்குக் கோர்ட்டில் பார்த்ததை, ஊர் பெயர் சொல்லாமல் விவரித்தேன்.

"அந்த வழக்கில் என்ன தீர்ப்பு?" என்று கேட்டார்.

"இன்னும் வரல."

"மூணு பேரும் விடுதலையாயிட்டா உங்க வாதம் என்ன ஆகும்?"

"அப்பவும் சட்டத்துல ஒரு வாசல் இல்லாததாலதான் அவ கடைசிவரைக்கும் காத்திருந்தான்னு சொல்லுவேன்" என்றேன். சொல்லும்போது குரல் திடமாகத்தான் இருந்தது. இரவு ரயிலில் ஊருக்குத் திரும்பும்போது, மூன்று பேரும் விடுதலையாகிவிட்டால் அவள் முகத்தில் எப்படி விழிப்பது என்பதைத் தவிர வேறு எதையும் நினைக்க முடியவில்லை.

தீர்ப்பு வந்தது. மூவருக்கும் ஆயுள் தண்டனை. வாத்தியார் விடுதலை. தன் பொய்யைத் தானே வந்து சொன்ன சாட்சியின் மற்ற வார்த்தையை நம்பாமல் இருக்கக் காரணம் இல்லை என்று நீதிபதி எழுதியிருந்தார். அவள் மேல் நடவடிக்கை எடுக்கத் தேவையில்லை என்றும் சொல்லியிருந்தார். நான் அதைப் படித்துவிட்டு ஆசிரியர் அறையில் எல்லார் முன்னாலும் அழுதேன். அரசு வக்கீல் அண்ணாச்சி மறுநாள் கோர்ட் வாசலில் என்னைப் பார்த்ததும் தானாக நின்றார். "யம்மா, இதையும் பாடமா எடுக்கப் போறியளா?" என்றார். "எடுக்காம?" என்றேன்.

என் யோசனை குழுவின் அறிக்கையில் 'பரிசீலிக்கத் தக்கது' என்று இடம் பிடித்தது. அரசாங்க மொழி தெரிந்தவர்களுக்கு அதன் அர்த்தம் தெரியும். சட்டம் மாறவில்லை. அதனால் நான் சோர்ந்துபோய்விட்டேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். என்னிடம் படித்தவர்கள் பலர் இன்றைக்கு அரசு வக்கீல்களாகவும் மாஜிஸ்திரேட்டுகளாகவும் இருக்கிறார்கள். ஒரு கொலைப் புகார் கைக்கு வந்ததும் அவர்கள் முதலில் கேட்பது, "நாலாவது ஆளு என்ன வேலை பாக்கான்?" என்பதுதான். சட்டப் புத்தகத்தில் ஏறாத திருத்தத்தை ஆட்களிடம் ஏற்றிவிட்டேன். என் உத்தியோகத்தில் நான் செய்ததாக நினைப்பது இதைத்தான்.

தீர்ப்பு வந்த சில நாட்களில், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் என் வீட்டுக்கு வந்தாள். கணவரின் குடும்பத்தில் அவளோடு யாரும் பேசுவதில்லை. வாழைத் தோட்டத்தை இனி அவர்களே பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்கள். அதையெல்லாம் சாதாரணமாகச் சொன்னாள். அவள் வந்தது வேறு காரியத்துக்கு.

"சார்வாள் வீட்டுக்குப் போவணும். கூட வாரியளா?"

"அந்த வீட்டுக்கா?"

"அந்த வீட்டுக்குத்தான். அடிக்க வந்தா நீங்க சட்டம் சொல்லுங்க" என்றாள். விளையாட்டாகச் சொல்கிறாளா என்று தெரியவில்லை.

அவளைப் போக வேண்டாம் என்று சொல்ல எனக்கு நூறு காரணம் இருந்தது. அவள் விரல் நீட்டியதால் ஆயுள் தண்டனை போனவனும் அந்த வீட்டுப் பிள்ளைதான். அவன் தாயும் அங்கேதான் இருக்கிறாள். ஆனாலும் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினேன்.

ஊரின் மறுகோடியில் ஓட்டு வீடு. முற்றத்தில் அந்தத் தாய் உளுந்து காயப் போட்டுக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்தாள். கையில் இருந்த உளுந்தைக் கீழே போடவும் இல்லை, பரப்பவும் இல்லை. இவள் வாசலிலேயே நின்று சொன்னாள்.

"நான் பொய் சொன்னது சார்வாளுக்கு மட்டுந்தான். அதுக்குத்தான் வந்தேன். மத்ததுக்கு வரல."

 நான் சட்டம் எதுவும் நினைவுக்கு வராமல் நின்றேன்.

"ஒரு மவனக் கொண்டு போயிட்ட. ஒரு மவனத் திருப்பிக் குடுத்திருக்க" என்றாள் கிழவி. "ஒன்ன என்னன்னுட்டி நான் கூப்பிட?"

சத்தம் கேட்டு வாத்தியார் உள்ளிருந்து வந்தார். வேலையில் திரும்பச் சேரச் சொல்லி அவருக்கு உத்தரவு வந்திருந்தது. எங்கள் இருவரையும் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். மன்னிப்பு என்கிற வார்த்தையை யாரும் எடுக்கவில்லை.

"பிள்ளைய ஏன் பள்ளிக்கொடத்துக்கு அனுப்பல?" என்று கேட்டார்.

"ஒங்க மொகத்துல முழிக்க வெக்கப்படுதா."

"திங்கக்கெழம நானும் புதுசாத்தான் போறேன். அனுப்பி வைங்க. கணக்க மொதல்ல இருந்து ஆரம்பிச்சிரலாம்."

 அவள் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். வெயில் ஏறிக்கொண்டிருந்தது. கிழவி குனிந்து உளுந்தைப் பரப்ப ஆரம்பித்தாள். எங்களைப் பார்க்காமலே பேசினாள்.

"வெயில்ல நிக்காதிய. உள்ள வாங்கன்னு சொல்ல எனக்கு மனசு வரல. அந்தத் தாவாரத்துல நில்லுங்க."

நாங்கள் தாவாரத்தில் போய் நின்றோம்.